மனு கொடுக்கப் போனவர்கள்

சென்னையில் இருப்பவர்களுக்கு பர்மா பஜாரைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். பர்மாவிலிருந்து திரும்பி வந்த தமிழர்கள் பாரிமுனைப் பக்கம் போட்ட கடைகள். பேர் அப்படியே நின்னுடுச்சு. இப்போ மேப்பைத் திறந்து, ஆப்பிரிக்காவின் மேற்குக் கரைக்குப் போய், கானா நாட்டின் தலைநகரம் அக்ராவைத் தேடிப் பாருங்க. அந்த நாட்டின் ராணுவத் தலைமையகம் இருக்கும் வளாகத்துக்குப் பேர் ‘பர்மா கேம்ப்’. கானாவுக்கும் பர்மாவுக்கும் நடுவில் ஒரு கண்டமும் ஒரு பெருங்கடலும் கிடக்கு. அப்புறம் எப்படி இந்தப் பேர்?

ஆப்பிரிக்க விடுதலைன்னு பேச்செடுத்தாலே நிக்ரூமா, கென்யாட்டா, லுமும்பா, மண்டேலா என்று தலைவர்கள் வரிசையா வந்து நின்னுடுவாங்க. இன்னைக்கு நான் சொல்லப்போற கதையில் தலைவர் கொஞ்சம் லேட்டாத்தான் வருவார். முதலில் வரப்போவது துணி விலை, கொக்கோ மரம், பென்ஷன்.

அப்போ அந்த நாட்டுக்குப் பேர் கானா இல்லை. ‘கோல்டு கோஸ்ட்’, தங்கக் கடற்கரை. பிரிட்டிஷ் காலனி. தங்கத்தைத் தேடி வந்த ஐரோப்பியர்கள் வைத்த பேர் அது. இருபதாம் நூற்றாண்டில் ஊருக்குச் சோறு போட்டது என்னவோ கொக்கோ. சாக்லேட்டுக்கு மூலப்பொருளான அந்தக் கொட்டையை உலகத்திலேயே அதிகமாக விளைவித்த இடம் இதுதான். அதைப் பெரிய எஸ்டேட் முதலாளிகள் விளைவிக்கவில்லை என்பதை மட்டும் மனசில் வெச்சுக்கோங்க. சின்னச் சின்ன ஆப்பிரிக்க விவசாயிகள், சொந்தமாகக் காட்டைத் திருத்தி, சொந்தமாக நட்டு வளர்த்த மரங்கள் அவை.

இரண்டாம் உலகப்போர் வந்தது. இந்தக் காலனியிலிருந்து மட்டும் 60,000-க்கும் மேற்பட்டவர்கள் பிரிட்டிஷ் ராணுவத்தில் சேர்ந்தார்கள், சேர்க்கப்பட்டார்கள். 1948 கணக்கெடுப்பின்படி மொத்த மக்கள்தொகையே சுமார் 41 லட்சம்தான். அவர்களில் ஒரு பகுதியினர், நைஜீரியா, சியரா லியோன், காம்பியா வீரர்களோடு சேர்ந்து, 81-வது, 82-வது மேற்கு ஆப்பிரிக்க டிவிஷன்களில் கப்பலேறி இந்தியா வந்து இறங்கினார்கள். இங்கே பயிற்சி. அப்புறம் பர்மாவின் அரக்கான் பகுதி. ஜப்பானியர்களுக்கு எதிராக, கலடான் ஆற்றுப் பள்ளத்தாக்கில்.

அது சாலைகளே இல்லாத மலைக்காடு. சாப்பாடும் தோட்டாவும் விமானத்திலிருந்து மூட்டையாக விழும். அந்த மூட்டைகளைத் தலையில் தூக்கிக்கொண்டு மைல் கணக்கில் நடப்பதற்கென்றே தனிப் படைப்பிரிவுகள் இருந்தன. தலைச்சுமை வீரர்கள். 1945 ஜனவரியில் அரக்கானின் பழைய தலைநகரமான மியோஹவுங்கைப் பிடித்தது இந்த மேற்கு ஆப்பிரிக்கப் படைகள்தான். கானாவின் டக்கோராடி நகரத்தில் இன்னைக்கும் ஒரு ராணுவ முகாமுக்கு ‘மியோஹவுங்’ என்றுதான் பேர். பர்மா கேம்ப் எங்கேயிருந்து வந்ததுன்னு இப்போ புரிஞ்சிருக்கும்.

வெள்ளைக்காரச் சிப்பாய்க்கு ஒரு சம்பளம், ஆப்பிரிக்கச் சிப்பாய்க்கு அதைவிடக் குறைவான சம்பளம். அதையும் பொறுத்துக்கொண்டதற்குக் காரணம், போர் முடிந்ததும் வேலை, பென்ஷன் என்று கொடுக்கப்பட்ட நம்பிக்கை. ராணுவத்தில் வண்டி ஓட்டவும் ஒயர்லெஸ் இயக்கவும் படிக்கவும் எழுதவும் கற்றுக்கொண்டவர்கள் ஊருக்குத் திரும்பி வந்தபோது அந்த வேலைகள் இல்லை. அக்ராவில் தங்க வீடு கிடைப்பதே கஷ்டம். கையிலிருந்த கொஞ்சநஞ்சப் பணத்துக்குக் கடையில் ஒண்ணும் வாங்க முடியவில்லை.

ஏன் வாங்க முடியவில்லை? இங்கேதான் துணி விலை வருது. இறக்குமதி மொத்தமும் சில ஐரோப்பியக் கம்பெனிகளின் கையில் இருந்தது. அவற்றில் பெரியது யுனைடெட் ஆப்பிரிக்கா கம்பெனி. நம்ம வீட்டில் சோப்பு விற்கிற அதே யூனிலீவரின் கம்பெனி. இவர்கள் எல்லோரும் சேர்ந்து மேற்கு ஆப்பிரிக்க வணிகர்கள் சங்கம் என்று ஒன்று வைத்திருந்தார்கள். ஆங்கில முதலெழுத்துகளைச் சேர்த்தால் ‘அவாம்’. கானாவில் ‘அவாம்’ என்றால் ஏமாற்று, போலி என்று அர்த்தம். இந்தச் சங்கத்தின் பேரிலிருந்துதான் அந்த வார்த்தை வந்தது என்று சொல்கிறார்கள். ஒரு வியாபாரச் சங்கத்துக்கு இதைவிட நல்ல நினைவுச்சின்னம் யாரால் கட்ட முடியும்?

இந்த விலைக்கு எதிராகக் கிளம்பியவர் ஒரு கட்சித் தலைவர் இல்லை. அக்ராவின் ஓசு பகுதியைச் சேர்ந்த ஒரு பாரம்பரியத் தலைவர், வியாபாரியும்கூட. பேர் நீ குவாபெனா பொன்னே. ஊர் ஊராகப் போய்ப் பேசினார். அந்தந்த ஊர்த் தலைவர்களைச் சேர்த்தார். 1948 ஜனவரி கடைசியில் புறக்கணிப்பு தொடங்கியது: ஐரோப்பியக் கடைகளில் துணி முதலான சாமான்கள் எதையும் வாங்கக் கூடாது. மீறி வாங்கினால் ஊர்ப் பெரியவர்கள் அபராதம் போட்டார்கள். ஒரு மாசம் ஜனங்கள் கட்டுக்கோப்பாக நின்றார்கள்.

கொக்கோ பக்கம் இன்னொரு நெருப்பு புகைந்துகொண்டிருந்தது. மரங்களுக்கு ஒரு வைரஸ் நோய். தண்டும் கிளையும் வீங்கி, சில வருஷத்தில் மரமே செத்துப்போகும். மருந்து கிடையாது. நோய் வந்த மரத்தை வெட்டி எறிவதுதான் ஒரே வழி என்று அரசு முடிவெடுத்து, கட்டாயமாக வெட்டத் தொடங்கியது. அறிவியல் ரீதியா அது சரியான முடிவுதான், அதை ஒத்துக்கணும். ஆனா விவசாயி கண்ணுக்கு அந்த மரம் இன்னும் காய்த்துக்கொண்டிருந்தது. போரெல்லாம் முடிந்து விலை ஏறுகிற நேரம் பார்த்து வெள்ளைக்கார அரசு அனுப்பிய ஆள் அரிவாளோடு வந்து நிற்கிறான். அவர் என்ன நினைப்பார்?

1947-ல் கொக்கோ மார்க்கெட்டிங் போர்டு என்று ஒன்று வந்தது. கொக்கோவை இனி அது மட்டும்தான் வாங்கும். உலகச் சந்தையில் விலை விழுந்தாலும் விவசாயி பாதிக்கப்படக் கூடாது என்று ஒரு நிலையான விலை கொடுப்பார்கள், மிச்சம் சேமிப்பில் இருக்கும். கேட்க நல்லாத்தான் இருக்கு. அந்த முதல் சீசனில் போர்டு விற்ற விலையில் பாதிகூட விவசாயி கைக்கு வரவில்லை. மிச்சம் லண்டனில் சேர்ந்தது. இந்தப் போர்டை ஞாபகத்தில் வெச்சுக்கோங்க, கதையில் திரும்ப வரும்.

இப்போ 1948 பிப்ரவரி 28-க்கு வருவோம். சனிக்கிழமை.

அன்னைக்குக் காலையில்தான் துணிப் புறக்கணிப்பு முடிவுக்கு வந்தது. கம்பெனிகள் ஒரு சமரசத்துக்கு இறங்கி வந்திருந்தன: சில சாமான்களில் மொத்த லாப விகிதத்தை 75 சதவீதத்திலிருந்து 50 சதவீதமாகக் குறைப்போம், மூன்று மாசத்துக்குச் சோதனை. ஜனங்கள் காசோடு கடைக்குப் போனார்கள். விலை பெரிசா இறங்கின மாதிரியே தெரியலை. ஏன் தெரியுமா? ஒரு சின்னக் கணக்கு போட்டுப் பார்த்தேன். 100 ரூபாய்க்கு வாங்கின சரக்கை 75 சதவீத லாபத்தில் விற்றால் 175 ரூபாய். 50 சதவீத லாபத்தில் விற்றால் 150 ரூபாய். கடையில் நிற்கிறவருக்கு இது 14 சதவீதச் சலுகைதான். ‘எழுபத்தஞ்சு அம்பதாச்சு’ என்று காதில் விழுந்தவர்கள் எதிர்பார்த்தது அதைவிட நிறைய. ஒரு மாசம் வயித்தைக் கட்டி நின்னதுக்கு இதுதானா என்று கடைத்தெருவில் கூச்சல்.

அதே நாள் மத்தியானம் முன்னாள் படைவீரர்கள் ஊர்வலம் கிளம்பினார்கள். சுமார் 2,000 பேர். கையில் ஆயுதம் இல்லை. ஒரு மனு இருந்தது. பென்ஷன், வேலை, கொடுத்த வாக்குறுதிகள் என்னாச்சு என்று கேட்கிற மனு. ஊர்வலத்துக்கு அனுமதி வாங்கியிருந்தார்கள், ஆனால் அனுமதித்த பாதை வேறு. கூட்டம் அதை விட்டு விலகி, கவர்னர் ஜெரால்டு கிரீஸி குடியிருந்த கிறிஸ்டியன்ஸ்போர்க் கோட்டைப் பக்கம் திரும்பியது. மனுவை நேராகக் கவர்னர் கையில் கொடுக்கணும், அதுதான் நோக்கம். அந்தக் கோட்டை 17-ஆம் நூற்றாண்டில் டேனிஷ்காரர்கள் கட்டியது. அடிமை வியாபாரம் நடந்த இடம். அதில்தான் பிரிட்டிஷ் கவர்னர் உட்கார்ந்திருந்தார்.

வழியில் ஒரு சாலைச் சந்திப்பு. சின்னப் போலீஸ் படை ஒன்று மறித்து நிற்கிறது. அதற்குத் தலைவர் காலின் இம்ரே என்ற பிரிட்டிஷ் அதிகாரி. நிற்கச் சொன்னார். கூட்டம் நிற்கவில்லை. சுடு என்று உத்தரவு போட்டார். போலீஸ்காரர்கள் தயங்கினார்கள். பக்கத்தில் இருந்த ஒருவரின் துப்பாக்கியைப் பிடுங்கி அவரே சுட்டார்.

மூன்று பேர் இறந்தார்கள். சார்ஜென்ட் அட்ஜெட்டே, கார்ப்பரல் அட்டிப்போ, பிரைவேட் ஒடார்ட்டே லாம்ப்டே. எந்த அரசுக்காகப் போருக்குப் போனார்களோ அந்த அரசின் போலீஸ், சொந்த ஊர்ச் சாலையில் வைத்துச் சுட்டுவிட்டது.

செய்தி கடைத்தெருவுக்குப் போய்ச் சேர எவ்வளவு நேரம் ஆகியிருக்கும்? ஏற்கனவே கொதித்துக்கொண்டிருந்த கூட்டம் அது. யுனைடெட் ஆப்பிரிக்கா கம்பெனியின் கட்டடங்கள் எரிந்தன. கடைகள் சூறையாடப்பட்டன. அஷர் கோட்டைச் சிறையை உடைத்துக் கைதிகளை வெளியே விட்டார்கள். கலவரம் குமாசி முதலான மற்ற ஊர்களுக்கும் பரவியது. எல்லாம் அடங்கியபோது இறந்தவர்கள் 29 பேர். 200-க்கும் மேற்பட்டவர்களுக்குக் காயம்.

இங்கே ஒரு விஷயம் சொல்லிடறேன். ‘வெளிநாட்டில் போரிட்டுத் திரும்பிய வீரர்கள்தான் ஆப்பிரிக்கத் தேசியவாதத்தின் விதை’ என்று ரொம்ப காலம் எழுதினார்கள். பிற்காலத்தில் சில வரலாற்றாசிரியர்கள் அதைக் கேள்வி கேட்டார்கள். பெரும்பாலான வீரர்கள் கிராமத்துக்குத் திரும்பி விவசாயம் பார்த்தார்கள், அரசியல் பக்கமே வரவில்லை என்றார்கள். எனக்கும் அது நியாயமாகத்தான் படுது. அந்த 2,000 பேர் புரட்சி பண்ணணும்னு கிளம்பினவங்க இல்லை, பாக்கி கேட்கக் கிளம்பினவங்க. ஆனா அந்தக் கோபம் தனியா இல்லை. பென்ஷன், துணி, கொக்கோ மூன்றுக்கும் பதில் சொல்ல வேண்டிய ஆள் ஒரே கோட்டைக்குள் உட்கார்ந்திருந்தார். இந்த ஆளே நமக்கு வேண்டாம் என்ற யோசனைக்கு அங்கிருந்து ரொம்ப தூரம் இல்லை.

இப்போ தலைவர்கள் வரலாம்.

1947 ஆகஸ்டில் சால்ட்பாண்டு என்ற ஊரில் ஒருங்கிணைந்த கோல்டு கோஸ்ட் மாநாடு என்று ஒரு கட்சி தொடங்கப்பட்டிருந்தது. ஜே.பி. டங்குவா போன்ற வக்கீல்கள், வியாபாரிகள். படிப்படியாகச் சுயாட்சி என்பது அவர்கள் பேச்சு. முழு நேர வேலைக்கு ஒரு செயலாளர் வேண்டுமென்று, அமெரிக்காவிலும் லண்டனிலுமாக 12 வருஷம் இருந்த ஒருவரை வரவழைத்தார்கள். குவாமே நிக்ரூமா. 1947 டிசம்பரில்தான் வந்து இறங்கினார். அதாவது துப்பாக்கிச் சூட்டுக்கு இரண்டரை மாசம் முன்னாடி.

கலவரத்தை அவர்கள் திட்டமிடவில்லை. ஆனால் வாய்ப்பை விடவும் இல்லை. ஆட்சியை எங்களிடம் கொடுங்கள் என்று லண்டனுக்குத் தந்தி பறந்தது. இதெல்லாம் சதிதான் என்று முடிவு கட்டிய அரசு, மார்ச் 12-ஆம் தேதி டங்குவா, நிக்ரூமா உட்பட ஆறு பேரைக் கைது செய்தது. நிக்ரூமாவின் உடைமைகளில் ஒரு கம்யூனிஸ்ட் கட்சி உறுப்பினர் அட்டை கிடைத்தது, கையெழுத்துப் போடாத அட்டை. அதை வைத்துக்கொண்டு அதிகாரிகள் பண்ணின அலப்பறை கொஞ்சநஞ்சம் இல்லை. கானாவில் இந்த ஆறு பேரையும் ‘பிக் சிக்ஸ்’ என்கிறார்கள். நோட்டில் படம் போட்டிருக்கு. ஒரு மாசத்துக்கு முன்னாடி பாதி ஊருக்குத் தெரியாத ஆட்களை நாடு முழுக்கத் தெரிய வைத்தது பிரிட்டிஷ் அரசுதான்.

லண்டன் ஒரு விசாரணைக் குழுவை அனுப்பியது, வாட்சன் கமிஷன். சதிக்கதையைத் தாண்டி, முன்னாள் வீரர்களின் ஏமாற்றம், கம்பெனிகளின் விலை, கொக்கோ மரம் வெட்டு, வீட்டுப் பற்றாக்குறை எல்லாவற்றையும் அது எழுதி வைத்தது. 1946-ல் கொடுத்த அரசியல் சட்டம் பிறக்கும்போதே காலாவதி ஆகிவிட்டது என்றும் சொன்னது.

அடுத்த கட்டத்தை வேகமாகச் சொல்றேன், ஏன்னா இது எல்லாப் புத்தகத்திலும் இருக்கு. வக்கீல்களின் நிதானம் நிக்ரூமாவுக்கு ஒத்துவரவில்லை. 1949 ஜூனில் தனிக் கட்சி. முழக்கம்: சுயாட்சி, இப்போதே. அவர் பின்னால் வந்தவர்களை எதிராளிகள் ‘வராண்டா பையன்கள்’ என்று கிண்டலடித்தார்கள், சொந்த வீடில்லாமல் அடுத்தவர் வராண்டாவில் படுத்துத் தூங்குகிறவர்கள் என்று. அவர்கள் அந்தப் பேரைப் பட்டம் மாதிரி எடுத்துக்கொண்டார்கள். 1950 ஜனவரியில் வேலைநிறுத்தம், புறக்கணிப்பு. இதில் காந்தியின் வழியைப் பின்பற்றியதாக நிக்ரூமாவே சொல்லியிருக்கிறார். மறுபடி கைது, மூன்று வருஷம் சிறை. 1951 பிப்ரவரி 8 தேர்தலில் சிறைக்குள் இருந்தபடியே அக்ராவில் நின்று, பதிவான 23,122 ஓட்டில் 22,780 வாங்கினார். நாலு நாள் கழித்துச் சிறைக் கதவைத் திறந்துவிட்டு, ஆட்சி அமைக்க வாங்க என்று கூப்பிட்டார் புது கவர்னர் ஆர்டன்-கிளார்க். 1957 மார்ச் 6-ல் நாடு விடுதலை அடைந்தது. பேர் கானா.

பெரும்பாலான பாட்காஸ்ட்டுகள் கொடியேற்றத்தோடு முடிஞ்சிடும். ஆனா அந்தக் கொக்கோ போர்டு?

அது போகவில்லை. கவர்னரிடம் இருந்த போர்டு நிக்ரூமாவிடம் வந்தது. மரம் வெட்டுவதை எதிர்த்து ஓட்டு வாங்கிய கட்சி, ஆட்சிக்கு வந்ததும் நட்டஈடு கொடுத்து அதே மரங்களை வெட்டத்தான் வேண்டியிருந்தது. வைரசுக்கு ஆட்சி மாறினது தெரியாது இல்லையா. 1954-ல் உலகச் சந்தையில் கொக்கோ விலை உச்சத்தில் இருந்தபோது, 60 பவுண்டு எடைக்கு 72 ஷில்லிங் என்று விவசாயி விலையைச் சட்டம் போட்டு நாலு வருஷத்துக்குப் பூட்டினார்கள். மிச்சப் பணத்தில் பள்ளிக்கூடம், சாலை, துறைமுகம் கட்டலாம் என்பது நிக்ரூமாவின் வாதம். அது தவறான வாதம் இல்லை, உண்மையிலேயே கட்டினார். ஆனா குமாசிப் பக்கத்து விவசாயிக்கு அது பழைய கதையாகவே கேட்டது: விளைவிக்கிறது நான், விலை சொல்றது வேறொருத்தர். அடுத்த மாசமே குமாசியில் நிக்ரூமாவுக்கு எதிராகத் தேசிய விடுதலை இயக்கம் என்று ஒன்று கிளம்பியது. யாரிடமிருந்து விடுதலை என்று அந்தப் பேரிலேயே இருக்கு.

1958-ல் விசாரணை இல்லாமல் சிறையில் வைக்கும் தடுப்புக் காவல் சட்டம் வந்தது. 1961-ல் வரியும் கட்டாயச் சேமிப்பும் போட்ட பட்ஜெட்டை எதிர்த்து செகோண்டி-டக்கோராடி ரயில்வே, துறைமுகத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். 1950-ல் நிக்ரூமாவுக்காக வேலைநிறுத்தம் பண்ணின அதே ரயில்வேத் தொழிலாளர்கள். தலைவர்களைப் பிடித்து உள்ளே போட்டார்கள். கொஞ்ச நாளில் டங்குவாவும் உள்ளே. ‘பிக் சிக்ஸ்’ல் ஒருவர், நாட்டுக்கு கானா என்ற பேரை முன்மொழிந்தவர், 1965 பிப்ரவரியில் நிக்ரூமாவின் சிறையில் இறந்தார்.

நிக்ரூமாவை வில்லன் ஆக்குவதற்காக இதையெல்லாம் சொல்லலை. அவரைக் கொல்லக் குண்டு வீசினார்கள், அதுவும் நடந்தது. கொக்கோ விலை சரிந்தபோது எந்த அரசும் தடுமாறியிருக்கும். ஆனா 1948-ல் தெருவுக்கு வந்தவர்கள் கேட்டது ஒரு கணக்கு. கொடியும் கீதமும் மாறின பிறகும் அந்தக் கணக்குப் புத்தகத்தை விவசாயி கையில் யாரும் கொடுக்கவில்லை. இந்தக் கதையில் எனக்கு உறுத்துவது அதுதான்.

1966 பிப்ரவரி 24. நிக்ரூமா ஹனோய்க்குப் போகும் வழியில் சீனாவில் இருக்கிறார். அக்ராவில் ராணுவமும் போலீசும் ஆட்சியைப் பிடித்துவிட்டன. ஜனங்கள் தெருவில் ஆடிப் பாடினார்கள், சிலையை உடைத்தார்கள். அட்ஜெட்டேயும் மற்ற இருவரும் சுடப்பட்டு பதினெட்டு வருஷம் முடிய அப்போ இன்னும் நாலு நாள் பாக்கி.

அந்த மூவருக்கும் இப்போ அக்ராவில் நினைவிடம் இருக்கு. ஒவ்வொரு வருஷமும் பிப்ரவரி 28 அன்று அரசு சார்பில் மலர்வளையம் வைக்கிறார்கள், முன்னாள் படைவீரர்கள் மெடல் குத்திக்கொண்டு வந்து நிற்கிறார்கள்.

நிக்ரூமா அதுக்கப்புறம் தன் நாட்டுக்குள் உயிரோடு கால் வைக்கவே இல்லை. அவருக்கு அடைக்கலம் கொடுத்தது கினி. சும்மா அடைக்கலம் இல்லை, ‘இணை ஜனாதிபதி’ என்று பதவியே கொடுத்தார்கள். 1958-ல் பிரான்ஸின் முகத்துக்கு நேராக ‘வேண்டாம்’ என்று ஓட்டுப் போட்டு, அதுக்குப் பெரிய விலை கொடுத்த நாடு அது. அந்த ஓட்டைப் பற்றித்தான் அடுத்த எபிசோட்.